மஞ்சள் மண்

அரசாங்கம் எங்கள் கரையில் மண் பிரிக்கும் நிலையம் ஒன்றை நடத்தியது. மயிலிட்டிக்குக் கிழக்கே, பனைகள் முடியும் இடம். காந்தம் கறுப்பு மண்ணை இழுத்துக்கொள்ளும், அது கப்பலேறும். மிஞ்சிய மஞ்சள் மண்ணை வேலிக்கு வெளியே கொட்டினார்கள். வேண்டியவர்கள் அள்ளலாம் என்றார்கள். அள்ளினோம்.

என் மனைவி ஸ்ரெல்லா அங்கே மண் உலர்த்தும் தளத்தைக் கூட்டினாள். எங்கள் வீட்டுக்குள் நிலம் போடச் சீமெந்தோடு குழைத்ததும் அந்த மண்தான். சவக்காலைக் கல்லறைகளுக்கும் அதுவே. நவம்பரில் இறந்தவர்களின் திருநாளுக்குக் கல்லறைகளின் மேல் புது மண் குவிப்போம். சாதாரண மண்ணை வாடைக்காற்று வாரிக்கொண்டு போய்விடும். மஞ்சள் மண் பாரமானது, காற்றுக்கு அசையவில்லை. ஊரே மெச்சியது.

ஸ்ரெல்லாவுக்கு இரத்தம் ஊறாமல் போனது. மண்தான் காரணமா என்று டாக்டரிடம் கேட்டேன். ஆம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. நிலையத்தில் கேட்டபோது, பட்டதாரியான நீ கடற்கரை மண்ணுக்குப் பயப்படலாமா என்று சிரித்தார்கள். அவளுடைய கல்லறையிலும் அந்த மண்ணே குவிந்தது. மகள் அந்த மண் நிலத்தில் தவழத் தொடங்கினாள்.

எண்பத்து நான்கு நவம்பரில் ஒரு லொறி சவக்காலை வாசலில் வந்து நின்றது. நிலையத்துப் பொறியியலாளர் சண்முகநாதன் ஜீப்பில் வந்திருந்தார். மஞ்சள் மண்ணில் தோரியம் இருக்கிறதாம். அணு உலைக்கு உதவுமாம். எல்லாவற்றையும் சேர்த்துப் பூட்டி வைக்கக் கொழும்பு சொல்லிவிட்டதாம். கல்லறைகளுக்குப் பங்கம் வராமல் மேல் மண்ணை மட்டும் வழித்தெடுப்பார்களாம். அவருடைய கூலியாட்கள் கையுறை போட்டு, மூக்கையும் வாயையும் துணியால் கட்டியிருந்தார்கள்.

ஸ்ரெல்லாவின் தாய், என் மாமி மக்டலீன், அவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தார்.

"என்ரை பிள்ளை வெறுங்கையாலைதான் கூட்டினவள், ஐயா. இந்தக் கையுறையள் அப்ப கப்பலிலையோ வந்துகொண்டிருந்தது?"

சண்முகநாதன் கூலியாட்களை உள்ளே போகச் சொல்லிக் கை காட்டினார். நான் கல்லறையை மறிக்கவில்லை. எடுங்கள், ஆனால் வீடுகளில் இருந்து தொடங்குங்கள் என்றேன்.

"தம்பி, சீமெந்தோடை கலந்ததிலை இருந்து மண்ணைப் பிரிக்கேலாது. அது எங்களுக்குப் பிரயோசனமில்லை."

"பிரயோசனத்தைக் கேக்கேல்லை. அதுக்கு மேலை ஒரு பிள்ளை தவழுது."

அதற்குத் தனக்கு உத்தரவு இல்லை என்றார்.

இறந்தவர்களின் மேல் கிடந்தது அரசாங்கத்தின் சொத்து. உயிரோடிருப்பவர்களின் கீழே கிடந்தது எவருடையதும் அல்ல.

வீட்டுக்குப் போனேன். மகளை மாமியோடு அச்சுவேலியில் அவருடைய தங்கை வீட்டுக்கு அனுப்பினேன். இரும்பு அலவாங்கால் வீட்டு நிலத்தை உடைத்தேன். மூக்கைத் துணியால் கட்டிக்கொண்டேன். அதை அவர்களிடம்தான் கற்றேன். பக்கத்து வீட்டுச் செபநாயகம் அண்ணை வாசலில் நின்று பார்த்தார். பிறகு போய்த் தன்னுடைய அலவாங்கோடு திரும்பினார். மாலைக்குள் ஊரில் பல வீடுகளில் இடிக்கும் சத்தம் கேட்டது.

உடைத்த துண்டுகளைத் தள்ளுவண்டிலில் ஏற்றி லொறியடிக்குக் கொண்டுபோனோம். சண்முகநாதன் ஜீப்பின் கண்ணாடியை உயர்த்திக்கொண்டார். நாளை வேறு லொறி வரும் என்று டிரைவரைக் கொண்டு சொல்வித்தார். வரவில்லை.

எல்லாவற்றையும் நிலையத்தின் வாசலில் கொண்டுபோய்க் குவித்தோம். ஆளுயரம் வந்தது. இப்போது என் வீட்டில் சிவப்பு மண் நிலம். மாமி சாணம் போட்டு மெழுகுகிறார். மகள் அதில் நடக்கப் பழகுகிறாள்.

குவியலை யாரும் அகற்றவில்லை. நிலையத்தார் தங்கள் வாசலை மறுபக்கம் மாற்றிக்கொண்டார்கள்.