வண்டிக்கு எத்தினி மாசம்

1

இந்தக் கதை ஒரு கேலியிலிருந்து வந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தானாக மனத்தில் ஊற்றெடுத்தது என்றெல்லாம் நடிக்க எனக்கு வராது.

மண்ணடியில் அத்தாவுல்லா என்பவரின் மோட்டார் சாமான் கடை. எங்கள் வீட்டுத் தையல் மிஷினுக்கு வார் கேட்டுப் போயிருந்தேன். (மோட்டார் கடையில் தையல் மிஷின் வாரா என்று கேட்காதீர்கள். அங்கே நங்கூரம்கூடக் கிடைக்கும்.) எனக்கு முன்னால் ஒரு பெண் நின்றிருந்தாள். வெள்ளைப் புடவை, கையில் தோல்பை. பிரசவம் பார்க்கிற நர்சு என்று பையைப் பார்த்தாலே தெரியும். கடைக்காரர் எடுத்து வைத்த புட்டியைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து, "இது ஆயிலா, ப்ளூயிட்டா?" என்று கேட்டாள்.

பெஞ்சில் உட்கார்ந்திருந்த லாரி டிரைவர்களில் ஒருவன் சொன்னான்:

"ப்ளூயிட்டா? வண்டிக்கு எத்தினி மாசம்மா?"*

கடையே சிரித்தது. அவள் சிரிக்கவில்லை. பக்கத்தில் நின்ற அவள் புருஷன் தலைக்கு மேலே தொங்கிக்கொண்டிருந்த ஃபேன் பெல்ட்டுகளை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தான்.

நான் பார்த்தது ஏறக்குறைய இவ்வளவுதான். மீதி நான் வைத்தது.

(* ஆஸ்பத்திரி வாசலில் காத்துக் கிடக்கும் ஆண்களுக்குத் தெரிந்த வார்த்தை இது. உள்ளேயிருந்து யாராவது வந்து "ப்ளூயிட் போயிடுச்சு" என்றால் பனிக்குடம் உடைந்துவிட்டது என்று அர்த்தம்.)

2

முதல் தொடக்கம்: ராயபுரம் மாதா கோயில் மணி ஒலித்தபோது, சீமைக்குக் கப்பலேறப் புறப்பட்ட ஃப்ளோரா தன் சின்ன மாரிஸ் காரைக் கடைசியாக ஒருமுறை தடவிக்கொடுத்து—

வேண்டாம். கோயில் மணி அடிக்கிற கதைகள் போதும். அதோடு ஃப்ளோரா போய்விடுகிறாள். போகிறவளுக்கு எதற்கு முதல் வரி?

இரண்டாம் தொடக்கம்: தாமோதரன் ஒரு முட்டாள்.

(கடையில் பார்த்த அந்தப் புருஷனுக்கு நான் வைத்த பெயர்.) இது எனக்கு மிகவும் பிடித்திருந்தது. அடித்து நீக்க மனம் வராமல் வைத்திருந்தேன். எங்கள் வீட்டில் காலேஜுக்குப் போன முதல் ஆள் நான். "உனுக்கு இன்னா தெரியும்" என்று சொல்கிற ஆண்களை எனக்கு நிறையவே தெரியும். அத்தனை பேரையும் மூட்டை கட்டி இந்த ஒருவன் தலையில் ஏற்றிவிடலாம் என்று பார்த்தேன். ஏறவில்லை. துறைமுகத்தில் சரக்குத் தூக்கும் வின்ச்சுகளைப் பழுது பார்க்கிறவன் அவன். சத்தத்தைக் கேட்டே எந்தப் பல் தேய்ந்திருக்கிறது என்று சொல்வான். அவனை முட்டாளாக்கினால் கதை எனக்கு வசதியாக இருக்கும், அவ்வளவுதான்.

ஆகவே மூன்றாம் தொடக்கம். இதில் அழகு ஒன்றும் இல்லை.

3

திருவொற்றியூர், காலடிப்பேட்டை. பவுனம்மாள் (கடையில் பார்த்த நர்சுக்கு இந்தப் பெயரை வைத்திருக்கிறேன்) எண்ணூர்க் குப்பங்கள் வரைக்கும் போய்ப் பிரசவம் பார்ப்பவள். போன மழையில், குழந்தை குறுக்கே கிடந்த ஒரு பெண்ணை மாட்டுவண்டியில் ராயபுரம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள். வண்டி போய்ச் சேர்ந்தது.

[இங்கே இன்னும் ஒரு வாக்கியம் இருந்தது. எடுத்துவிட்டேன். உங்களுக்குப் புரிந்திருக்கும்.]

அதற்குப் பிறகுதான் அவளுக்குக் கார் ஆசை வந்தது. ஆசை என்பதுகூடச் சரியான வார்த்தை இல்லை. அவளுடைய மூத்த நர்சு ஃப்ளோரா, குடும்பத்தோடு இங்கிலாந்துக்குப் போகிறவள், வீட்டின் பின்னால் தார்ப்பாய் போட்டு மூடிக் கிடந்த சின்ன மாரிஸைப் பழைய இரும்பு விலைக்குக் கொடுத்தாள். கடற்கரை ரோட்டில் ஓட்டவும் கற்றுக்கொடுத்தாள். கப்பலுக்குப் போகுமுன் சொல்லிவிட்டுப் போனது ஒன்றுதான்: பிரேக் நன்றாக இருக்கிறது, அதற்கு மட்டும் சரியான ப்ளூயிட் பார்த்து ஊற்று.

இப்போது எண்ணூரில் அம்மு என்கிற மீனவப் பெண்ணுக்கு நிறைமாதம். இடுப்பு குறுகல். குப்பத்தில் வைத்துப் பிரசவம் பார்க்க முடியாது, வலி எடுத்ததும் ராயபுரத்துக்குக் கொண்டுபோயாக வேண்டும். அதற்குத்தான் கார். தெருவில் எல்லாரும் பவுனம்மாளிடம் கேட்டது, ஓடுமா என்று. அம்மு மட்டும் வேறு கேட்டாள்.

"எக்கா, வண்டி நிக்கும்ல?"

வழியில் எத்தனை ரயில்வே கேட் இருக்கிறது என்று அவளுக்குத் தெரியும்.

4

வெளியில் தெரிந்த ரப்பரெல்லாம் வெடித்திருந்தது. ரேடியேட்டர் குழாய், ஃபேன் பெல்ட், ஜன்னல் ஓரத்துப் பட்டை எல்லாம் மாற்ற வேண்டியவை. தாமோதரன் அத்தனையையும் தானே தேடித் தேடி வாங்கினான். குழாயில் இரண்டு வகை காட்டினார்கள். துணி வைத்துப் பின்னியதைத்தான் எடுத்தான். பெல்ட்டைத் திருப்பி உள்பக்கம் பார்த்து எடுத்தான். அவன் கை பட்ட இடத்தில் குறை சொல்ல முடியாது.

நீர்வகைகளில்தான் இருவருக்கும் ஒத்துப்போகவில்லை. ஒரு காருக்குள் இத்தனை ஓடுகிறது என்று பவுனம்மாளுக்கு அதுவரை தெரியாது. எஞ்சினுக்கு ஆயில், கியருக்கு அதைவிடக் கெட்டியான ஆயில், ரேடியேட்டருக்குத் தண்ணீர், பேட்டரிக்கு வடித்த தண்ணீர், பிரேக்குக்குத் தனியாக ஒன்று. உடம்பும் இப்படித்தான் என்று நினைத்துக்கொண்டாள். ரேடியேட்டருக்கு வீட்டுக் கிணற்றிலிருந்தே மொண்டு ஊற்றப் போனான் அவன். உப்புத் தண்ணீர் ஊற்றினால் நம் வீட்டு அண்டா மாதிரி உள்ளே வெள்ளை படியும் என்று அவள் தடுத்து, குழாய்த் தண்ணீர் பிடித்துவரச் செய்தாள். அதற்கு அவன் முனகிக்கொண்டே இணங்கினான்.

ஆனால் அவள் வேலைக்குப் போயிருந்த நேரத்தில், டிரைவர் காலடிப் பலகையைத் தூக்கி, பிரேக் மூடியைத் திறந்து நிரப்பிவிட்டான். சாயங்காலம் வந்தவளிடம் பெருமையாகத்தான் சொன்னான்.

"இன்னாய்யா ஊத்தின?"

"ஆயிலு."

"எந்த ஆயிலு?"

"ஆயிலுல இன்னாமே எந்த ஆயிலு? வின்ச்சுக்கு ஊத்தறது. பத்து டன்னு தூக்குது அது, உன் பொம்மைக் காரை நிறுத்தாதா?"

(இங்கேதான் நான் பேனாவை வைத்துவிட்டு எழுந்து போனேன். கோபம். அவன் மேல் இல்லை. பட்டறை முழுக்க, கடை முழுக்க எல்லாரும் பிரேக் ப்ளூயிட்டுக்குப் 'பிரேக் ஆயில்' என்றுதான் பெயர் வைத்திருக்கிறார்கள். ஆயில் என்றவுடன் வாழ்நாளெல்லாம் ஆயிலோடு புழங்கியவன் தன்னிடம் இருந்ததிலேயே உயர்ந்ததை ஊற்றினான். இதில் யாரைப் போய் அடிப்பது?)

பவுனம்மாளுக்குக் காரைப் பற்றித் தெரியாது. ரப்பரைப் பற்றித் தெரியும். பயிற்சியில் சேர்ந்த புதிதிலேயே சொல்லிக்கொடுத்திருந்தார்கள்: ரப்பர் கையுறையில் மண்ணெண்ணெய், வாசலீன் பக்கமே போகக் கூடாது, ஊறிப் பெருத்து நாசமாகும். பிரேக்குக்குள் இருப்பதும் ரப்பர் கிண்ணம்தான் என்று ஃப்ளோரா சொல்லியிருந்தாள்.

அவள் சண்டை போடவில்லை. கிழிந்த கையுறையிலிருந்து இரண்டு விரல்களை வெட்டினாள். ஒன்றை அவன் கொண்டுவந்த வின்ச்சு ஆயிலில் போட்டாள். இன்னொன்றை, தன் பையிலேயே இருக்கிற விளக்கெண்ணெயில் போட்டாள். எண்ணெய் இருந்த இரண்டு கோப்பைகளையும் அவன் சாப்பிட உட்காரும் இடத்துக்கு எதிரே வைத்தாள்.

மறுநாள் ஆயிலில் கிடந்த விரல் வாழைப்பழம் மாதிரி பெருத்திருந்தது. எடுத்து இழுத்தால் பிய்ந்தது. மற்றது போட்டபடியே இருந்தது.

தாமோதரன் சாப்பிட்டுக்கொண்டே அதைப் பார்த்தான். கை கழுவினான். போய்க் காருக்கு அடியில் படுத்துப் பிரேக்கைப் பிரிக்க ஆரம்பித்தான். உள்ளேயிருந்து வந்த ரப்பர் கிண்ணங்கள் பெருத்து, வந்த வழியாகத் திரும்ப நுழைய மறுத்தன.

5

ஆக, மண்ணடி. நான் வார் வாங்கப் போன அதே நாள்.

அத்தாவுல்லா ரப்பர் கிண்ணங்களில் இரண்டு செட் எடுத்துப் போட்டார். ஒன்று சீமைச் சரக்கு, யுத்தத்துக்கு வந்து மிஞ்சியது, மெழுகுக் காகிதம் பிரிக்கப்படாதது. இன்னொன்று வியாசர்பாடியில் வார்த்தது. தாமோதரனின் கை சீமைப் பொட்டலத்துக்குப் போனது. பவுனம்மாள் அதில் ஒரு கிண்ணத்தை எடுத்து, கையுறையைச் சோதிப்பது போல மடித்துப் பார்த்தாள். ஓரத்தில் மயிரிழை போல வெடிப்பு ஓடியது. இத்தனை வருஷம் காய்ந்து கிடந்திருக்கிறது. வியாசர்பாடிக் கிண்ணம் மடங்கி நிமிர்ந்தது. அதை எடுத்துக்கொண்டாள். அத்தாவுல்லா, சரிதான் என்பது போலச் சீமைப் பொட்டலத்தைத் திரும்ப அலமாரியில் போட்டார்.

பிறகு இரண்டு புட்டிகளை வைத்தார். இரண்டுமே பிரேக் ஆயில் என்றார். அப்போதுதான் அவள் கேட்டாள், அந்த லாரி டிரைவர் எத்தனை மாசம் என்றான், கடை சிரித்தது.

இந்த இடத்தை மூன்று விதமாக எழுதினேன்.

முதல் விதத்தில் தாமோதரன் திரும்பி, "இவ கேக்கறது கரெக்ட்டு, நான்தான் தப்பா ஊத்திட்டேன்" என்றான். நாலு டிரைவர்கள் முன்னால் ஒரு துறைமுகத்து மெக்கானிக் இப்படிச் சொல்வான் என்று என்னால் நம்ப முடியவில்லை. நீங்கள் நம்பினால் உங்கள் பாடு.

இரண்டாம் விதத்தில் அவனும் சேர்ந்து சிரித்தான். இதை நம்பினேன். எழுதியும் முடித்தேன். மறுபடி படித்தபோது பிடிக்கவில்லை, ஏனென்றால் அவன் சிரிக்கவில்லை. நான் பார்த்தேன்.

மூன்றாவது: பெல்ட்டுகளை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தவன் சட்டைப் பையில் கைவிட்டான். ஊதிப்போன பழைய ரப்பர் கிண்ணத்தை எடுத்து, மேஜை மேலே, புதியதன் பக்கத்தில் வைத்தான். டிரைவர்கள் எட்டிப் பார்த்தார்கள். கேலி பேசியவன் எழுந்து வந்து அதைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"இன்னா ஊத்துன நைனா?"

"வின்ச்சு ஆயிலு."

"அட கஸ்மாலமே" என்றான் அவன் மெதுவாக. தன் லாரியில் என்ன ஊற்றியிருக்கிறது என்று யோசிக்கிற முகம்.

இதை நான் உண்மையிலேயே பார்த்தேனா, எழுதும்போது வைத்தேனா என்று இப்போது எனக்கே உறுதியில்லை. மேஜையில் ஏதோ கறுப்பாகக் கிடந்தது. அதுவரைக்கும் சத்தியம்.

பவுனம்மாள் இரண்டு புட்டிகளையும் முகர்ந்து பார்த்தாள். ஒன்றில் மிஷின் வாசனை. இன்னொன்றில் விளக்கெண்ணெயும் ஸ்பிரிட்டும் கலந்த வாசனை, பிரசவ வார்டில் தினமும் முகர்கிற இரண்டும். கையுறை விரலைக் கெடுக்காத எண்ணெய். அதை எடுத்துப் பைக்குள் வைத்துக்கொண்டாள்.

6

இனி முடிவு.

கேட் மூடிக்கொண்டிருந்தது. பின்சீட்டில் அம்மு முனகினாள். பவுனம்மாள் காலை அழுத்தினாள். பிரேக்—

இந்த முடிவை அடித்துவிட்டேன். ஆண்பிள்ளைத் திமிரை அம்பலப்படுத்த எனக்கு ஒரு விபத்து தேவைப்பட்டது. ஆனால் வண்டியில் இருப்பவன் தாமோதரன் இல்லை. அவளும் அம்முவும். என் கோபத்துக்கு அவர்கள் ஏன் போய் ரயிலில் மோத வேண்டும்?

அடுத்தது பத்திரிகைக்காரர்களுக்குப் பிடித்த முடிவு. கார் பறக்கிறது, குழந்தை அழுகிறது, தாமோதரன் கண் கலங்கி "இனிமே நீ சொல்றதுதான்" என்கிறான். இதை எழுதவே இல்லை. அவன் கண் கலங்கினால் அவளுக்கு என்ன லாபம்?

ஆகவே விபத்துக்கும் வெற்றிக்கும் முன்னால், ஞாயிற்றுக்கிழமைக்குப் போகிறேன். அம்முவுக்கு இன்னும் வலி எடுக்கவில்லை. எடுக்கலாம், எந்த நேரத்திலும்.

7

பிரேக் குழாய்களையெல்லாம் ஸ்பிரிட் விட்டுக் கழுவியாயிற்று. வியாசர்பாடிக் கிண்ணங்கள் உள்ளே போயாயிற்று. ப்ளூயிட் ஊற்றியாயிற்று. மிச்சம் இருப்பது காற்று எடுக்கிற வேலை. குழாய்க்குள் துளிக் காற்று நின்றாலும், மிதிக்கும்போது அந்தக் காற்றுதான் அமுங்கும், சக்கரம் நிற்காது.

இதை ஒரு ஆள் செய்ய முடியாது. ஒருவர் மேலே உட்கார்ந்து மிதிக்க வேண்டும். ஒருவர் சக்கரத்தின் பக்கம் படுத்து, காற்று வெளியேறும் திருகைத் தளர்த்தி, ரப்பர்க் குழாயின் நுனியைப் புட்டியில் இருக்கும் ப்ளூயிட்டுக்குள் முக்கிப் பிடித்து, குமிழி வருகிறதா என்று பார்க்க வேண்டும். குமிழி நிற்கும் வரைக்கும்.

பவுனம்மாள் மேலே. தாமோதரன் கீழே.

"அழுத்து," என்றான் அவன். "அப்டியே புடி. வுடு."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. இத்தனை வருஷமாக இதே வார்த்தைகளை அவள்தான் மற்றவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

ஒவ்வொரு சக்கரமாக வந்தார்கள். கடைசிச் சக்கரத்தில் அவன் சொன்னான்: "போதும். காத்து இல்ல."

"நெஜமாவா?"

அவளுக்கு மேலேயிருந்து புட்டி தெரியாது. இறங்கிப் போய்ப் பார்க்கலாம். ஆனால் இறங்கினால் மிதிக்க ஆள் இல்லை, மிதிக்காவிட்டால் பார்க்க ஒன்றும் இல்லை. அவன் பார்த்ததை அவன் வாய்தான் சொல்ல வேண்டும். காலுக்கடியில் பெடல் கெட்டியாகத்தான் இருந்தது. கெட்டிதானா? எவ்வளவு கெட்டியாக இருந்தால் கெட்டி?

"நீ மேல வாய்யா," என்றாள். "நான் கீழ பாக்கறேன்."

இங்கே அவனுக்குக் கோபம் வருவதாக எழுதிக் கிழித்தேன். சிரித்துக்கொண்டே எழுந்து வருவதாக எழுதி அதையும் கிழித்தேன். கடைசியில் நின்றது இதுதான். அவன் திருகை இறுக்கினான். எழுந்து முதுகு மண்ணைத் தட்டினான். பிறகு குனிந்து, புட்டியின் வெளிப்பக்கத்தில் தன் எண்ணெய் விரல்கள் பட்ட இடத்தை லுங்கி நுனியால் சுற்றிலும் துடைத்தான், உள்ளே இருப்பது தெளிவாகத் தெரிகிற வரைக்கும். துடைத்து வைத்துவிட்டு, போய் சீட்டில் உட்கார்ந்தான்.

பவுனம்மாள் வெள்ளைப் புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு மண்ணில் படுத்தாள். திருகைத் தளர்த்தினாள். குழாய் நுனியைப் பிடித்துக்கொண்டாள்.

"அழுத்துய்யா."

நான் இங்கே எழுந்துகொள்கிறேன். குமிழி வந்ததா என்று என்னிடம் கேட்காதீர்கள், நான் அங்கே படுக்கவில்லை. அம்முவை ஏற்றிக்கொண்டு போகப் போகிறவள் அவள், அவள் பார்த்துக்கொண்டிருக்கிறாள். உங்களுக்கும் பார்க்க வேண்டுமென்றால் அவள் பக்கத்தில் இடம் இருக்கிறது. மண்ணில் படுக்க வேண்டும்.