அட்டைப்படத்துச் சோபா

எங்கள் பத்திரிகைக்கு இருபது வயது ஆகிறது. சிறப்பிதழுக்காக அதன் வரலாற்றை நான்கு பக்கத்தில் எழுதித் தரச் சொன்னார் கொழுந்தனார். இப்போது அவர்தான் ஆசிரியர்.

"உங்களை விட்டா வேற யாருக்குத் தெரியும், அண்ணி? அண்ணன் இருந்தா அவரே எழுதியிருப்பார்."

முதல் மூன்று பக்கங்கள் தாமாகவே வந்தன. செருப்புத் தைக்கும் கடைக்கு மேலே இரண்டு அறைகள். பசை வாசனை மாடி வரை வரும். என் கணவர் எழுதுவார், கொழுந்தனார் படம் எடுப்பார், நான் பிழை திருத்துவேன். நகரத்தில் எங்கே உட்கார்ந்து காபி குடிக்கலாம், எந்தச் சுவருக்கு எந்த நிறம் அடிக்கலாம், எங்கே முடி வெட்டிக்கொண்டால் அழாமல் வீடு திரும்பலாம் என்பதெல்லாம்தான் விஷயம். முதல் ஆண்டு யாரும் காசு கொடுத்து வாங்கவில்லை. பல் வைத்தியர்களின் வரவேற்பறைகளில் இலவசமாகப் போட்டுவிட்டு வந்தோம். "நம்ம வாசகர்களைப் பத்திப் பேசாதே, எல்லாம் பல்வலிக்காரங்க," என்பார் என் கணவர்.

பிழை திருத்துவதைவிட எனக்கு இன்னொரு வேலை நன்றாக வந்தது. படம் எடுக்கப் போகும் இடத்தில் மேசை நாற்காலிகளை மாற்றிப் போடுவது. கண்ணை உறுத்துவதை எடுத்துவிடுவேன். எடுக்க முடியாததை மறைப்பேன். படம் முடிந்ததும் எல்லாவற்றையும் பழைய இடத்தில் வைத்துவிட்டு வருவது வழக்கம். "இவளை உள்ள விட்டா அடுப்பையே மொட்டைமாடிக்குக் கொண்டுபோயிடுவா. ஆனா படத்துல அழகா இருக்கும்" என்றுதான் விளம்பரம் தருபவர்களிடம் என் கணவர் என்னை அறிமுகப்படுத்துவார்.

நான்காவது பக்கத்தில் அந்தக் காபிக் கடை வந்தது.

ஆறாம் ஆண்டு அது. ஒடுக்கமான, நீளமான கடை. வாசலை ஒட்டிச் சமையலறை, கடைசியில் கம்பி போட்ட ஒரு ஜன்னல், உள்பக்கமாகத் திறக்கும் இரும்புக் கதவு, அதன் மேல் 'அவசர வழி' என்ற பலகை. நல்ல வெளிச்சம் விழுந்த இடம் அது ஒன்றுதான். மூன்று பேர் உட்காரும் பச்சைச் சோபாவைக் கதவுக்குக் குறுக்கே போட வைத்தேன். சுவருக்குச் சுவர் இறுகப் பொருந்தியது. பலகையை மறைத்து ஒரு கொடிச்செடியைத் தொங்கவிட்டேன். அடுத்த இடத்துக்கு ஓட வேண்டியிருந்ததால் அன்று எதையும் திருப்பி வைக்கவில்லை.

"இருக்கட்டும்மா, அழகாத்தானே இருக்கு. நான் பாத்துக்கறேன்," என்றார் கடைக்காரர்.

படம் அட்டையில் வந்தது. முதன்முதலாக இரண்டாம் தடவை அச்சடித்த இதழ் அதுதான். அதைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து, இந்தச் சோபாதான் வேண்டும் என்று மக்கள் காத்துக்கிடந்தார்கள். அப்புறம் அவர் எப்படி நகர்த்துவார்?

ஏழு மாதம் கழித்து ஒரு மதியம் அந்தச் சமையலறையில் தீப்பிடித்தது. ஐந்து பேர் வெளியே வரவில்லை. அச்சுக்குப் போகவேண்டிய பக்கங்களைத் திருத்த அங்கே போயிருந்த என் கணவரும் அவர்களில் ஒருவர். சோபாவின் ஒரு முனை மட்டும் ஒரு சாண் நகர்ந்திருந்ததாம்.

மூன்று இருக்கைக்கு ஆசைப்பட்டு வழியை அடைத்தார் என்று கடைக்காரருக்கு ஆறு ஆண்டு சிறை கிடைத்தது. பத்திரிகையில் வந்தபடிதான் வைத்திருந்தேன் என்று அவர் சொன்னது யார் காதிலும் ஏறவில்லை. புருஷனைப் பறிகொடுத்தவள் என்று நீதிமன்றத்தில் எல்லாரும் எனக்குத் தண்ணீர் கொடுத்தார்கள். பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

சோபாவை அங்கே போட்டது நான்தான் என்று எழுதினேன்.

கொழுந்தனார் நின்றபடியே படித்தார். "மூணு பக்கம் அருமை, அண்ணி. நாலாவது வேண்டாம்."

"நாலாவதுக்காகத்தான் மூணையும் எழுதினேன், தம்பி."

"எதிர்ப்பக்கத்துல மரச்சாமான் கடை விளம்பரம் போகுது. பக்கத்துலயே இதைப் போடறதா?"

"விளம்பரத்தை வேற பக்கத்துல போடுங்க. மாத்திப் போடறது நமக்குப் புதுசா?"

அவர் போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். குரல் இறங்கியிருந்தது. "அந்தச் சோபாவை நீங்க ஒருத்தராவா தூக்கினீங்க?"

"உங்களைப் பத்தி ஒரு வரி எழுதலையே."

"படத்துக்குக் கீழ என் பேரு இருக்கே. படிக்கிறவங்க என்ன முட்டாளா? எனக்கு ரெண்டு பொண்ணுங்க, அண்ணி."

அவர் என்னைவிட மோசமானவர் இல்லை. பதினான்கு ஆண்டுகள் ஒரே வீட்டில் சாப்பிட்டும் நாங்கள் இதைப் பேசியதில்லை. அந்தப் பக்கங்களில் வேறு எதையாவது போட்டுக்கொள்ளச் சொல்லிவிட்டு, தாள்களை எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன்.

கடைக்காரரின் விலாசம் எனக்கு என்றைக்கும் தெரியும். மூன்றாம் மாடி. துணி துவைத்த ஈரக்கையோடு கதவைத் திறந்தார். என்னை அடையாளம் கண்டுகொண்டு, "உள்ள வாங்கம்மா" என்றார். வாசலிலேயே நின்று நான்காவது தாளைக் கொடுத்தேன். கையைத் துடைத்துக்கொண்டு இரண்டு முறை படித்தார்.

"இது எனக்குத் தெரியுமேம்மா. நான் அங்கதானே நின்னுக்கிட்டிருந்தேன்."

அவர் மறுபடி தாளைப் பார்த்தார்.

"தெரியாம போனது என் சம்சாரத்துக்குத்தான். மூணு சீட்டுக்கு ஆசைப்பட்டு அஞ்சு பேரைக் கொன்னுட்டியேன்னு சொல்லிக்கிட்டே இருந்தா. பத்திரிகைக்காரங்க போட்டதுடின்னு சொல்வேன். உன் பழியைச் செத்தவன் வீட்டு மேல போடாதேம்பா. போன வருஷம் போயிட்டா. நீங்க வந்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நம்பியிருப்பா."

தாளை மடித்து என்னிடம் நீட்டினார். நான் வாங்காமல் நின்றேன். அவரும் நீட்டிய கையை எடுக்கவில்லை. கடைசியில் நான்தான் வாங்கிக்கொண்டேன்.