கெலெமெனின் தொண்டை

என் கணவர் கெலெமென் நடித்தது மூன்றே படங்கள். அதற்கு முன்பு புடாபெஸ்ட்டில் ஒரு செருப்புக் கடையில் வேலை. பூட்ஸ் வாங்க வந்த படத் தயாரிப்பாளர் லிப்போத், இவர் குனிந்து கயிறு கட்டிவிட்டபடி முணுமுணுத்த பாட்டைக் கேட்டு, ஒரு காலில் பூட்ஸோடு எழுந்து நின்றுவிட்டார்.

"தம்பி, அதை இன்னொரு தடவை பாடு."

பேசும் படம் வந்த புதிது. பாடத் தெரிந்த அழகான முகத்துக்கு எல்லாரும் அலைந்துகொண்டிருந்தார்கள்.

முதல் படம் வந்ததும் டிராமில் பெண்கள் இவர் தொப்பியைப் பிடுங்கிக்கொண்டு ஓட ஆரம்பித்தார்கள். சந்தையில் கோஸ் விற்பவள் என்னைப் பார்த்தாலே விடமாட்டாள். "ஏண்டி பிரோஸ்கா, வாரத்துல ஒரு நாள் உன் புருஷனை இங்க உட்கார வையேன். அழுகல் கோஸ்கூட வித்துப்போயிரும்!"

மூன்றாவது படம் முடியும் தறுவாயில் குரல் கம்மியது. கருமுள்ளங்கியைக் குடைந்து தேன் ஊற்றிக் கொடுத்தேன். கேட்கவில்லை. தொண்டை டாக்டர் சின்னக் கண்ணாடியை உள்ளே விட்டுப் பார்த்துவிட்டு எங்களை உட்காரச் சொன்னார்.

"கட்டி இருக்கு. கெட்டதா இல்லையான்னு வெட்டி எடுத்துப் பார்த்தாத்தான் தெரியும்."

லிப்போத் வீட்டுக்கே ஓடி வந்தார். "ரெண்டே ரெண்டு பாட்டுதாம்மா பாக்கி. முடிச்சுட்டு வெட்டிக்கலாமே."

"உங்களுக்கு ரெண்டு பாட்டு. எனக்கு ஒரே ஒரு புருஷன்" என்றேன்.

கெலெமென் எங்கள் இருவரையும் பார்த்தார். எழுந்து கோட்டை மாட்டிக்கொண்டார். "வா பிரி, ஆஸ்பத்திரிக்குப் போவோம்."

ஆபரேஷன் முடிந்து, கட்டியின் சோதனை முடிவு வரும்வரை அவர் வாய் திறக்கக் கூடாது. நான் திறந்தால் அழுகை வரும். இரண்டு ஊமைகளாக உட்கார்ந்திருந்தோம். ஒரு நாள் காலையில் டாக்டர் வந்தார்.

"கெட்டது இல்ல. ஆனா இனிமே பாட முடியாது. பேச்சும் கரகரன்னுதான் இருக்கும்."

நான் தரையில் உட்கார்ந்து ஓவென்று அழுதேன். நர்ஸ் பதறினாள். "ஐயோ, நல்ல சேதிதாம்மா சொன்னாரு!"

"தெரியும். அதான் அழறேன்."

கட்டிலிலிருந்து ரம்பம் அறுப்பதுபோல ஒரு குரல் வந்தது: "பசிக்குது."

வீடு திரும்பிய முதல் ஞாயிறு, டான்யூப் ஆற்றங்கரைக் கடையில் மீன் சூப் குடித்தோம். மிளகாய்க் காரத்தில் அவருக்கு மூக்கு ஒழுகியது.

"பிரி, ஒண்ணு சொல்லவா? ஷூட்டிங்ல அந்த விளக்கைப் போட்டாலே எனக்கு வயித்தைப் புரட்டும். முத்தக் காட்சிக்கு முன்னாடி வாந்தியே எடுத்திருக்கேன்."

"அந்தப் பொண்ணுக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சா முத்தம் குடுத்திருப்பாளா?"

பக்கத்து மேசைக்காரர்கள் திரும்பிப் பார்க்கும் அளவுக்குச் சிரித்தேன். இரண்டு வருஷமாக அவர் சரியாகச் சாப்பிடாத காரணம் அன்றுதான் புரிந்தது.

லிப்போத் வெள்ளைப் பூக்களோடு, சாவு வீட்டுக்கு வந்தவர்போல வந்தார். "குரல் போயிருச்சே தம்பி!"

"நான் போகலையே!" என்றார் கெலெமென்.

மிச்சப் பாட்டுகளை வேறொருவரைப் பாடவைத்துப் படத்தை வெளியிட்டார்கள். கடைசி வரிசையில் உட்கார்ந்து பார்த்தோம். இவர் அதற்குள் மீசை வளர்த்திருந்தார். பக்கத்து இருக்கை அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு இவர் பக்கம் சாய்ந்தாள்.

"என்ன குரல்! கேட்டீங்களா?"

"ஆமாம்மா, நல்லாப் பாடுறான்" என்றார் இவர்.

அந்தக் கரகரப்பைக் கேட்டதும் அவள் கைப்பையைத் தூக்கிக்கொண்டு நாலு இருக்கை தள்ளிப் போனாள். "சளி பிடிச்சவனெல்லாம் வீட்ல படுக்க வேண்டியதுதானே!"

கெலெமென் என் கையைப் பிடித்துக்கொண்டு, தோள் குலுங்கக் குலுங்கச் சத்தமில்லாமல் சிரித்தார்.