மெதுவாக வேகும் சட்டி

ஏழு மணிக்கு சுவிட்சைப் போட்டேன். ஏழரைக்கு மூடியைத் திறந்து பார்த்தேன். எட்டுக்கு மறுபடியும் திறந்தேன். கரட் போட்டது போட்டபடியே கிடந்தது. சத்தமில்லை, கொதியில்லை, மேலே ஒரு குமிழிகூட வரவில்லை. சிவப்பு லைட் மட்டும் எரிந்துகொண்டிருந்தது. லைட் எரிந்தால் வேலை நடக்கிறது என்று யார் சொன்னது? எங்கள் தொடர்மாடி லிப்டிலும்தான் லைட் எரிகிறது. அது நின்று மூன்று வருஷமாகிறது.

இந்தச் சட்டியைக் குவைத்திலிருந்து மகள் யோகராணி அனுப்பியிருந்தாள். ஒன்றரை வருஷம் அலுமாரிக்கு மேலேயே பெட்டியோடு இருந்தது. கேஸ் அடுப்பில் அரை மணித்தியாலத்தில் முடிகிற சமையலை எட்டு மணித்தியாலம் இழுத்துச் செய்வதற்கு ஒரு சட்டி எதற்கு என்று நான்தான் தூக்கி மேலே வைத்தேன். அவள் வேலை செய்கிற வீட்டில் ஒரு கிழவி இருக்கிறாளாம். தொண்டையில் ஒன்றும் இறங்காதாம். மரக்கறி எல்லாவற்றையும் இந்தச் சட்டியில் போட்டு, கூழாக வேகவைத்து, சீஸ் கரைத்துக் கொடுத்தால் அந்தக் கிழவி ஒரு கோப்பை குடித்துவிடுமாம். "அம்மாவுக்கும் அதையே செஞ்சு குடுங்கப்பா" என்று போனில் குரலைப் பதிந்து அனுப்பியிருந்தாள். எனக்கு எழுத்துக்கூட்டி வாசிக்கத்தான் வரும், அதனால் எழுதாமல் பேசி அனுப்புவாள். ஏழெட்டுத் தரம் போட்டுக் கேட்டேன். அங்கே யாரோ ஒரு கிழவிக்கு என் மகள் ஊட்டுகிறாள். இங்கே அவளைப் பெற்றவளுக்கு ஊட்ட நான்தான் இருக்கிறேன். கேட்கக் கேட்க ஆத்திரம்தான் வந்தது. ஆனால் செய்முறை மனதில் பதிந்துவிட்டது.

பாக்கியலெட்சுமிக்குத் தொண்டையில் கட்டி. மஹரகம புற்றுநோய் ஆஸ்பத்திரியில் கரண்ட் பிடிக்கிறார்கள். முப்பது தரம் பிடிக்கவேண்டும், இருபத்திரண்டு முடிந்துவிட்டது, எட்டு பாக்கி. கட்டி கரைகிறது என்கிறார்கள். அதோடு அவளும் கரைகிறாள். போன செவ்வாய்க்கிழமை தராசில் ஏற்றினபோது முப்பத்தாறு கிலோ. இந்தச் செவ்வாய்க்கிழமை அதற்குக் கீழே இறங்கினால் மூக்கு வழியாகக் குழாய் போட்டுத்தான் சாப்பாடு கொடுக்கவேண்டும் என்று நர்ஸ் மிஸ்ஸி சொல்லிவிட்டாள். பாக்கியம் திரும்பி வரும்போது த்ரீவீலுக்குள் வெளியே பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"குழாய் போடுறதுன்னா நான் இனி அங்க வரமாட்டேங்க."

அவள் வாயைத் திறந்து ஒன்று சொன்னால் அதற்கு மாற்றுக் கிடையாது. தன் தம்பி வீட்டு வாசலை இனி மிதிக்கமாட்டேன் என்று ஒரு நாள் சொன்னாள். தம்பியின் பிணம் எடுத்த அன்றும் தெருவில் நின்று அழுதுவிட்டு வந்தவள். ஆகவே குழாய் என்றால் மிச்சம் எட்டுத் தரமும் இல்லை. எட்டும் இல்லையென்றால் கட்டி திரும்ப வளரும். எனக்குப் படிப்பில்லை. ஆனால் இந்தக் கணக்குப் புரிகிறது. இன்றைக்கு ஞாயிறு. நாளைக்கு ஒரு நாள்தான்.

இதற்கு முன்னால் ஒரு நாள் கஞ்சி வைத்துக் கொடுத்தேன். கோப்பை காலியாக வந்தது. சந்தோஷப்பட்டேன். அடுத்த நாள் சிங்க் அடைத்துக்கொண்டு தண்ணீர் போகவில்லை. கம்பியால் குத்தினால் குழாயெல்லாம் சோறு. அன்றிலிருந்து அவளுக்குக் கொடுக்கிற ஒவ்வொரு வாயும் என் கண் முன்னால்தான் போகவேண்டும் என்று எதிரே கதிரை போட்டு உட்கார்ந்துவிடுகிறேன். உட்கார்ந்தும் பிரயோசனமில்லை. மூன்று கரண்டி. நாலாவதுக்கு வாந்தி.

நான் நாட்டாமி வேலை செய்தவன். புறக்கோட்டையில் முப்பத்தெட்டு வருஷம் மூட்டை தூக்கினேன். மூட்டையில் என்ன இருக்கிறது என்று முதலாளி சொல்வதை நான் ஒருநாளும் நம்பியதில்லை. கையை வைத்து அமுக்கிப் பார்ப்பேன், முதுகுக்குக் கொடுத்துப் பார்ப்பேன், பிறகுதான் தூக்குவேன். ஒரு தரம் பார்க்காமல் தூக்கினேன், உள்ளே ஈரம். இடுப்பு அன்றைக்குப் போனதுதான். அப்படிப்பட்ட என்னிடம் ஒரு சட்டியைக் கொடுத்துத் திறக்காதே என்றால்? மகளும் அந்தக் குரலில் கடைசியாகச் சொல்லியிருந்தாள், மூடியைத் திறக்கவேண்டாம் என்று. திறந்தால் குறைந்தா போகும் என்று நினைத்தேன்.

சீஸ் வாங்கினதும் அப்படித்தான். சந்தைக்குப் பக்கத்துக் கடையில் பெட்டியை மூக்கில் வைத்துப் பார்த்துவிட்டு, இது கெட்டுப்போனதா என்று சிங்களத்தில் கேட்டேன். கடைக்காரன் சிரித்தான். "நே அங்கல், சீஸ் எஹெம தமாய்." சீஸ் என்றால் அப்படித்தானாம். கெட்டது எது, நல்லது எது என்று மணத்தில் தெரியாத சாமானை எப்படி நம்பி வாங்குவது? வாங்கினேன். வேறு வழி?

பதினொரு மணிக்கு, எட்டாவது தரமோ ஒன்பதாவது தரமோ, மூடியைக் கையில் வைத்துக்கொண்டு கரண்டியால் ஒரு கரட்டை எடுத்துக் கடித்தேன். கடக்கென்றது. நாலு மணித்தியாலம் போன பிறகு பச்சைக் கரட். அந்த நேரம் பார்த்து எதிர்வீட்டு ஹமீமா உள்ளே வந்தாள், துணிக்கடை பஸீரின் பெண்சாதி. காலையில் ஒருதரம் பாக்கியத்தை எட்டிப் பார்க்காமல் இருக்கமாட்டாள்.

"அல்லாஹ்வே! அங்கிள், என்னத்துக்கு மூடியத் தொறந்து வெச்சீக்கிறீங்க?"

"வெந்துச்சான்னு பாக்குறேன்மா. இது பழுதுபோன சட்டி. வேகவே மாட்டேங்குது."

"இதோட எத்தின தரம் தொறந்தீங்க?"

"ஒரு... ஏழெட்டுத் தரம்."

அவள் நெற்றியில் கையை வைத்துக்கொண்டாள். "ஒருக்காத் தொறந்தா உள்ளுக்கு ஈக்கிற சூடெல்லாம் போயிரும். திரும்ப ஏற அரமணித்தியாலம் எடுக்கும். நீங்க செக்பொயின்ட்ல நிக்கிற மாதிரி அரமணித்தியாலத்துக்கு ஒருக்கா தொறந்து பாத்தா அது எப்ப வேகுற?"

"பாக்காம எப்படிம்மா தெரியும்?"

"கண்ணாடி மூடிதானே. மேலால பாருங்க."

"ஆவி படிஞ்சு ஒண்ணுமே தெரியல."

"ஆவி வருதுண்டா வேலை செய்யுதுண்டுதானே அர்த்தம்!" என்றாள். உள் அறையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. பாக்கியம் சிரித்திருக்கிறாள். இருமலா சிரிப்பா என்று எனக்கு முதலில் பிடிபடவில்லை.

ஹமீமா என் கையிலிருந்து மூடியை வாங்கிச் சட்டியில் வைத்து, குமிழைக் கூட்டித் திருப்பிவிட்டாள். "இப்ப ஹைல வெச்சீக்கிறன். நோம்புக்கு நானும் இதுமாதிரி ஒண்டுலதான் கஞ்சி ஆக்குற. மூணரைக்கு முந்தித் தொட வாண்டாம். நம்பிக்கை இல்லாட்டி வெளிய போய் நில்லுங்க." பாக்கியத்தோடு ஏதோ மெதுவாகக் கதைத்துவிட்டுப் போனாள்.

மூன்றரை வரைக்கும் நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். ஒரு மணிக்குக் கை மூடியின் பிடி வரைக்கும் போய்விட்டது. சூடு தட்டியதும் எடுத்துவிட்டேன். கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு ஜன்னலில் நின்றேன். எங்கள் நாலாம் மாடியிலிருந்து பார்த்தால் துறைமுகத்துக் கிரேன்கள் தெரியும். ஞாயிறு பூசை முடிந்த தேவாலயத்து முற்றம் வெறுமையாகக் கிடந்தது. இரண்டு மணிவாக்கில் லீக்ஸும் பூண்டும் வெந்த வாசம் மெதுவாக எழுந்தது. கொதிக்கிற வாசம் இல்லை, அடுப்பில் வைத்தால் வருகிற முரட்டு வாசம் இல்லை. வீட்டுக்குள் யாரோ சத்தமில்லாமல் வந்து உட்கார்ந்த மாதிரி ஒரு வாசம்.

மூன்றரைக்குத் திறந்தேன். கரட், உருளைக்கிழங்கு, போஞ்சி, பூசணி எல்லாம் கரண்டி பட்டதும் உடைந்தன. பருப்பு மத்தால் கடைந்தேன். பாலை ஊற்றி, சீஸைத் துருவிப் போட்டு, மிளகுத்தூள் கொஞ்சம், உப்பு ஒரு கரண்டி போட்டேன். சீஸிலேயே உப்பு இருக்கிறது என்று மகள் சொல்லியிருந்தாள். அதை யார் அளந்து பார்த்தது என்று நானும் போட்டேன். மஞ்சளாக, நூல் நூலாக இழுபட்டது. கோப்பையில் ஊற்றி, ஆறவைத்து, கொண்டுபோய்க் கட்டிலோரம் வைத்தேன். கதிரையை இழுத்து எதிரே உட்கார்ந்தேன்.

கரண்டியை எடுத்தாள். கிண்டினாள். வாய் வரைக்கும் கொண்டுபோய் மறுபடி இறக்கினாள்.

"நீங்க சாப்டீங்களா?"

"நா பொறகு சாப்பிடுறேன். நீ குடி."

கரண்டி கோப்பைக்குள்ளேயே நின்றது. நான் அவள் வாயைப் பார்த்தேன். அவள் சுவரைப் பார்த்தாள்.

"முழுங்கு பாக்கியம். நாளன்னைக்குத் தராசுல நிக்கணும்."

"முழுங்குறேன். நீங்க இப்படி வாயையே பாத்துக்கிட்டு உக்காந்தா எப்படிங்க முழுங்குறது?" கரகரத்த குரலில் நிறுத்தி நிறுத்திச் சொன்னாள். "நா என்னைக்கு உங்க முன்னால சாப்பிட்டிருக்கேன்? வெக்கமா இருக்குங்க. தொண்டை மூடிக்குது."

யோசித்துப் பார்த்தேன். கலியாணம் முடிந்து நாற்பத்தாறு வருஷம். நான் சாப்பிட்டு எழும்பிப் போன பிறகு அவள் குசினிக்குள் உட்கார்ந்து சாப்பிடுவாள். வெளியே போனாலும் பெண்கள் பந்தி வேறு. அவள் பாயில் தூங்கிப் பார்த்திருக்கிறேன், பிள்ளை பெற்றுக் கிடந்து பார்த்திருக்கிறேன். ஒரு வாய் சோறு எடுத்து மென்று முழுங்கிப் பார்த்ததில்லை. பார்த்திருக்கவேண்டும் என்று எனக்குத் தோன்றினதும் இல்லை. நோய் வந்த பிறகு திடீரென்று ஒரு ஆம்பிளை கதிரை போட்டு எதிரே உட்கார்ந்துகொண்டு, முழுங்கு முழுங்கு என்றால்.

"போனா நீ ஊத்திருவ" என்றேன்.

வாயில் வந்துவிட்டது. அவளும் கோபப்படவில்லை.

"ஊத்தினேன்தான். அன்னைக்கு முடியல. இன்னைக்கு என்னன்னு தெரியல. நீங்க மொதல்ல சாப்பிட்டுட்டு வெளிய போங்க."

குசினிக்குள் போய் ஒரு கோப்பை ஊற்றி நின்றபடியே குடித்தேன். நாக்கு வெந்தது. உப்புக் கரித்தது, நான் போட்ட ஒரு கரண்டி. இதற்குப் பெயர் சாப்பாடா என்று நினைத்துக்கொண்டேன், ஆனால் அடிவரைக்கும் குடித்தேன். கோப்பையைச் சத்தமாக வைத்தேன், அவளுக்குக் கேட்கட்டும் என்று. பிறகு வெளியே போய்க் கதவைச் சாத்தினேன்.

நடைபாதையில் கதவுக்கு முதுகைக் கொடுத்து நின்றேன். திரும்பிக் காதை வைக்கலாம். திறப்புத் துவாரத்தில் கண்ணை வைக்கலாம். ஹமீமா துணி காயப்போட வந்தவள் என்னைப் பார்த்தாள்.

"என்ன அங்கிள், இப்ப ஒங்களையே வெளிய போட்டாங்களா?"

"ஆமாம்மா."

அவள் சிரிக்க ஆரம்பித்து, என் முகத்தைப் பார்த்து நிறுத்திவிட்டாள். கொடியில் துணி விரிப்பதற்கு நிறைய நேரம் எடுத்துக்கொண்டாள். உள்ளே தண்ணீர்க் குழாய் திறந்த சத்தம் கேட்டது. சிங்கில் தண்ணீர் ஓடியது. கொஞ்ச நேரம் ஓடியது, நின்றது. என் கை கதவுப் பிடியில் இருந்தது. பாக்கியம் கட்டிலிலிருந்து எழும்பி, சுவரைப் பிடித்து நடந்து, திரும்பப் போய் உட்காரும் வரைக்கும் நிற்பது என்று நினைத்தேன். நூறு வரைக்கும் எண்ணினேன். இன்னொரு நூறும் எண்ணினேன்.

உள்ளே போனபோது கோப்பை கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தது. கரண்டி பக்கத்தில் இருந்தது. கழுவின கோப்பையைப் பார்த்து யாரால் என்ன சொல்லமுடியும்? சிங்க் துவாரத்தின் பக்கம் கண் போனது. குனியவில்லை. குனிந்திருப்பேன், இடுப்பும் விடவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அவள் கட்டிலில் சாய்ந்திருந்தாள். மூச்சு வாங்கியது.

"உப்பு அள்ளிக் கொட்டிருக்கீங்க" என்றாள்.

இரண்டு மாசமாக எதைக் கொடுத்தாலும் மண் மாதிரி இருக்கிறது, வைக்கோல் மாதிரி இருக்கிறது என்றுதான் சொல்லுவாள். உப்பு என்று ஒரு பேச்சு வரவில்லை. ஒரு கரண்டியாவது நாக்கில் பட்டிருக்கவேண்டும். ஒரு கரண்டியா, ஒரு கோப்பையா, நான் கேட்கவில்லை.

"நாளைக்குக் குறைச்சுப் போடுறேன்."

"தண்ணி தாங்க. தாகமா இருக்கு."

பித்தளைச் செம்பில் தண்ணீர் கொண்டுவந்து கையில் கொடுத்தேன். இரண்டு கைகளாலும் பிடித்து வாய்க்குக் கொண்டுபோனாள். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். தூரத்தில் ஒரு கிரேன் நீலப் பெட்டி ஒன்றைக் கப்பலுக்கு மேலே தூக்கி, அசையாமல் வைத்துக்கொண்டிருந்தது. எனக்குப் பின்னால் ஒரு மிடறு இறங்கும் சத்தம் கேட்டது. கொஞ்சம் பொறுத்து இன்னொன்று. பெட்டி மெதுவாக, மிக மெதுவாக, கீழே இறங்கத் தொடங்கியது.