போதுமான தொகை

அலமாரியில் தொங்கிய அப்பாவின் சட்டைகளை ஒவ்வொன்றாக உருவிக் கட்டில்மேல் எறிந்துகொண்டிருந்தாள் மகள். முன்னறையிலிருந்து சித்தப்பா மறுபடியும் குரல் கொடுத்தார்.

"கணக்கு! சட்டை கிடைச்சுதாம்மா? உடம்பு விறைச்சுப் போனா அப்புறம் கையை நுழைக்க முடியாது."

"இதோ வந்துட்டேன் சித்தப்பா."

வீட்டில் எல்லாருக்கும் அவள் 'கணக்கு'தான். பள்ளிக்கூட நாளில் ஒட்டிக்கொண்ட பட்டப்பெயர், தலை நரைக்கத் தொடங்கியும் உதிரவில்லை. விடிகாலையில் முகம் கழுவப் போன அப்பா குளியலறை வாசலிலேயே சரிந்துவிட்டார் என்று அம்மா போனில் சொன்னதும், கிடைத்த பஸ்ஸில் ஏறி ஓடிவந்திருந்தாள். வந்ததிலிருந்து ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. ஏதாவது வேலை கொடுங்கள் என்று நின்றாள். நல்ல சட்டையாக ஒன்று எடுத்து வா என்றார்கள்.

நல்ல சட்டை என்று ஒன்றும் அங்கே இல்லை. எதை விரித்தாலும் காலர் திருப்பித் தைத்திருந்தது. நைந்த பக்கத்தைக் கீழே தள்ளி, நையாத பக்கத்தை மேலே கொண்டுவரும் வேலை, அம்மாவின் கைத்தையல். ஒரு சட்டையில் திருப்பிய பக்கமும் நைந்து, விளிம்பில் நூல் பிரிந்து நின்றது. அடித்தட்டில் மடிப்புக் கலையாமல் ஏதாவது இருக்கும் என்று குனிந்து துழாவினாள். கையில் ஒரு பவுடர் டப்பா அகப்பட்டது.

அசைத்தால் உள்ளே சத்தம் வந்தது. திறந்தாள். காகிதத்தில் சுற்றிய பிளேடு ஒன்று, அதன் கீழே பாதிப் பாதியாக நறுக்கிய மாத்திரைகள். வெள்ளையும் இளஞ்சிவப்புமாகக் கலந்து கிடந்தன. இதயத்துக்கும் ரத்த அழுத்தத்துக்கும் டாக்டர் எழுதிக் கொடுத்தவை. காலையில் ஒன்று, மாலையில் ஒன்று என்று போனில் சொல்லி அவளுக்குத் தெரியும். பாதி என்று யாரும் சொன்னதில்லை.

அப்படியே கட்டில் விளிம்பில் உட்கார்ந்துவிட்டாள்.

அவளுடைய ஆபீஸ் வேலை வேடிக்கையானது. ஒரு குடும்பம் வாழ என்ன செலவாகிறது, போன தலைமுறையில் என்ன செலவானது, அதற்கு முந்தைய தலைமுறையில் எவ்வளவு என்று பழைய விலைகளையும் புதிய விலைகளையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது. எண்ணெய், சோப்பு, வாடகை, செருப்பு எல்லாம் அதில் அடக்கம். அப்பா தொழிற்சாலையில் ஸ்டோர் கீப்பராக இருந்தவர். ஆணியும் திருகும் எண்ணிக் கொடுத்தே ஓய்வு பெற்றவர். தன் பெண்ணும் எண்ணுகிற வேலைக்குத்தான் போனாள் என்பதில் அவருக்குத் தலைகால் புரியாத பெருமை. பஸ் ஸ்டாப்பில் முன்பின் தெரியாதவரிடம்கூட, "விலைவாசி எல்லாம் என் பொண்ணு சொன்னாத்தான் ஏறும், இறங்கும்" என்று அளந்துவிடுவார்.

அவருக்கு இன்னொரு பெருமையும் உண்டு. "என் ஒருத்தன் சம்பளம். நாலு வயிறு. ஒருத்தர்கிட்டயும் கை நீட்டினதில்லை, ஒரு குறையும் வெச்சதில்லை" என்பார். கேட்டுக் கேட்டுக் குடும்பத்தில் எல்லாருக்கும் மனப்பாடம்.

அவர் ஓய்வு பெற்ற கையோடு சித்தப்பா வீட்டில் ஒரு விருந்து நடந்தது. அப்பா வழக்கம்போல ஆரம்பித்தார். கணக்குக்கு அன்று உற்சாகம். "சரிப்பா, அப்போ என்னென்ன வாங்கினீங்க, சொல்லுங்க பார்ப்போம்" என்று காகிதக் கைத்துடைப்பான் ஒன்றை எடுத்து வைத்துக்கொண்டாள். அவர் ஒவ்வொன்றாகச் சொல்ல, அவள் அன்றைய விலையை இன்றைய விலைக்கு மாற்றிப் பெருக்கிக்கொண்டே போனாள். மருந்து என்றதும் அப்பா சிரித்தார். "மருந்தா? தலைவலி மாத்திரையும் உங்க ரெண்டு பேருக்குக் காய்ச்சல் டானிக்கும்தான்." அதையும் எழுதிப் பெருக்கினாள். கடைசியில் வந்த தொகையைச் சுற்றி ஒரு வட்டம் போட்டு, "மாசாமாசம் இதை நான் அனுப்பிடறேன். போதுமாப்பா?" என்றாள்.

"தாராளம்! அப்போ நாலு பேர், இப்போ ரெண்டு பேர். மிச்சம் பிடிச்சுக் காட்டறேன் பாரு."

எல்லாரும் கைதட்டினார்கள். தம்பி விசிலே அடித்தான்.

அன்றிலிருந்து அவள் ஒரு மாதம் தவறியதில்லை. வருடா வருடம் விலைவாசி ஏறிய அளவுக்குத் தொகையையும் ஏற்றினாள். புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு ஆபீஸில் வகுப்பு எடுக்கும்போது இதையே உதாரணமாகச் சொல்லிச் சிரிக்கவைத்திருக்கிறாள். குடும்பத்துக்கு வயதானால் செலவின் சாயலே மாறிவிடும், இளங்குடும்பத்தின் கணக்கை முதியவர்கள் தலையில் கட்டக் கூடாது என்பதும் அதே வகுப்பில், அதே வாயால், அவள் சொல்லிக்கொடுப்பதுதான். ஊருக்கு உபதேசம் செய்தவளுக்குத் தன் வீடு நினைவுக்கு வரவில்லை. நினைத்தபோதே அவளுக்குக் காது மடல் சுட்டது.

சில மாதங்களுக்கு முன் அப்பா போனில் ஒரு கேள்வி கேட்டார். "ஏம்மா, உங்க ஆபீஸ் கணக்குல இந்த மருந்து விலையெல்லாம் வருமா?"

வேலையைப் பற்றிக் கேட்கிறார் என்று அவளுக்கு ஒரே குஷி. மருந்துக்கு எவ்வளவு இடம், வாடகைக்கு எவ்வளவு, எதை எதோடு சேர்ப்போம் என்று விலாவாரியாக விளக்கினாள். அவர், "அப்படியா... அப்படியா..." என்று முழுவதும் கேட்டுக்கொண்டார். பிறகு, "சரிம்மா, வேலையைப் பாரு" என்று வைத்துவிட்டார்.

முன்னறையில் பேச்சு நின்றது. டாக்டர் வந்திருந்தார். கணக்கு டப்பாவைக் கைப்பைக்குள் திணித்துக்கொண்டு எழுந்து போனாள்.

டாக்டர் அப்பாவின் இமையை விலக்கிப் பார்த்துவிட்டு, நாற்காலியில் உட்கார்ந்து சான்றிதழை எழுத ஆரம்பித்தார். பாதியில் பேனா நின்றது.

"மாத்திரையெல்லாம் ஒழுங்கா எடுத்துக்கிட்டார் இல்லம்மா?"

அம்மா அப்பாவின் கால்மாட்டில் உட்கார்ந்திருந்தாள். கண் முழுக்க அழுகை, குரலில் ஒரு பிசிறு இல்லை.

"ஒருவேளைகூடத் தவறினதில்லை டாக்டர். நான்தானே எடுத்துக் கொடுப்பேன்."

"முழுசாத்தானே?"

"முழுசாத்தான்."

டாக்டர் நெற்றியைச் சுருக்கினார். "அப்படின்னா ஆச்சரியமாத்தான் இருக்கு" என்று முணுமுணுத்தபடி மிச்சத்தை எழுதினார். கணக்கு வாயைத் திறந்தாள். அம்மா நிமிர்ந்து பார்த்தாள். கெஞ்சலா, அதட்டலா என்று பிரித்துச் சொல்ல முடியாத பார்வை அது. கணக்கு வாயை மூடிக்கொண்டாள். அம்மாவுக்காக மூடினோம் என்று சொல்லிக்கொள்ளப் பார்த்தாள், மனசு ஒப்பவில்லை. அத்தனை பேர் நடுவில் அந்த டப்பாவைத் திறந்து காட்டும் தைரியம் அவளுக்கு இல்லை, அவ்வளவுதான்.

சித்தப்பா மூக்கைச் சிந்திக்கொண்டு பக்கத்து வீட்டுக்காரரிடம் சொன்னார். "என் அண்ணன் ராஜா மாதிரி இருந்துட்டுப் போனான் சார். இதோ நிக்கறாளே, இவதான் கவலையில்லாமப் பார்த்துக்கிட்டா. ஆம்பளைப் பிள்ளைங்க பிச்சை வாங்கணும்."

பக்கத்து வீட்டுக்காரர் அவளைப் பார்த்து மரியாதையாகத் தலையசைத்தார். அவளுக்கு அங்கிருந்து ஓடிவிட வேண்டும் போலிருந்தது. சட்டை வாங்கி வருகிறேன் என்று சொல்லிவிட்டு நிஜமாகவே ஓடினாள்.

கடையில் விலைச்சீட்டைப் பார்க்காமல், இருப்பதிலேயே உசத்தியானதைக் கொடுங்கள் என்றாள். பார்த்துப் பார்த்துப் பழகிய கண் அந்தச் சீட்டின் பக்கம் தானாகப் போனது, வலுக்கட்டாயமாகத் திருப்பிக்கொண்டாள். வீட்டுக்கு வந்ததும் தம்பியும் சித்தப்பாவுமாக அதை அப்பாவுக்குப் போட்டுவிட்டார்கள். மேல் பொத்தானைப் போட்ட பிறகும் கழுத்தைச் சுற்றி இரண்டு விரல் நுழைகிற இடம் இருந்தது. அவள் வாங்கி வந்தது நினைவில் இருந்த அப்பாவின் அளவை.

"அளவு கேட்டு வாங்கியிருக்கலாம்ல அக்கா?" என்றான் தம்பி.

வண்டி வந்தது, அப்பாவைக் கொண்டுபோனார்கள், எல்லாம் முடிந்தது. பொழுது சாயும் நேரத்துக்குச் சித்தப்பாவும் கிளம்பினார். தம்பி முன்னறையில் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தான். அக்கம்பக்கத்தார் சாப்பாடு கொண்டுவந்த பாத்திரங்களை அம்மா அடுப்படியில் கழுவ, கணக்கு பக்கத்தில் நின்று துடைத்தாள். கடைசியில் கணக்கு கைப்பையிலிருந்து டப்பாவை எடுத்து மேடையில் வைத்தாள்.

அம்மா அதைப் பார்த்தாள். குழாயை மூடினாள்.

"ஏம்மா எங்கிட்ட சொல்லலை?"

"என்னன்னு சொல்றது? போதும்னு அவர் வாயாலயே, அத்தனை பேர் முன்னாடி சொன்னாரே. மாத்தி எப்படிச் சொல்லுவார்? அந்தக் காலத்துல சமாளிச்சோமே, இப்போ ஏன் முடியலைன்னு அவருக்கே குழப்பம். வயசாகிக் கை தளர்ந்துபோச்சு, எங்கயோ வீணாக்கறோம்னு என்கூடச் சண்டை போடுவார். அவரா யோசிச்சுப் பிளேடை எடுத்தார்."

"நீயாவது சொல்லியிருக்கலாமேம்மா."

அம்மாவின் குரல் இறங்கியிருந்தது.

"நான் எந்த முகத்தை வெச்சுக்கிட்டுச் சொல்லுவேன்? உங்க மாமா வருவானே, மாசக் கடைசியில, உங்களுக்கு மிட்டாய் வாங்கிக்கிட்டு..."

"ஆமா. சைக்கிள்ல."

"அந்தச் சைக்கிள் பின்னாடி ஒரு பை இருக்கும். மளிகைச் சாமான். அப்பா வேலைக்குப் போன நேரமாப் பார்த்துத்தான் இறக்குவான். சம்பளம் என்னிக்குடி கடைசித் தேதி வரைக்கும் வந்தது? அவருக்குத் தெரியாது. தெரிஞ்சா உடைஞ்சு போயிடுவார்னு சொல்லலை. ஒரு குறையும் வெச்சதில்லைன்னு அவர் சொல்றப்பல்லாம், சொல்லிட்டுப் போகட்டும்னு இருந்தேன். நீ அன்னிக்கு அதைக் கேட்டு எழுதினப்பவும் பக்கத்துலதான் உக்காந்திருந்தேன்."

கணக்குக்கு மிட்டாயின் நிறம்கூட நினைவிருந்தது. பை நினைவில் இல்லை. ஒரு குடும்பம் எப்படி வாழ்ந்தது என்று சொல்வதற்குத்தான் அவளுக்குச் சம்பளம் கொடுக்கிறார்கள். வெட்கத்தில் அவளால் அம்மாவின் முகத்தை நிமிர்ந்து பார்க்க முடியவில்லை. துடைத்த தட்டையே மறுபடி துடைத்தாள்.

"அம்மா," என்றாள். "இனிமே நான் கணக்குப் போட மாட்டேன். உனக்கு எவ்வளவு வேணும்னு நீயே சொல்லு."

அம்மா விழித்தாள். அவளிடம் யாரும் இப்படிக் கேட்டதில்லை போலிருக்கிறது. கொஞ்ச நேரம் நிஜமாகவே யோசித்தாள். உதடு ஏதோ கணக்குப் போட்டது. பிறகு, பெண்ணுக்குச் சிரமம் கொடுக்காத பதில் ஒன்று கிடைத்துவிட்ட நிம்மதியோடு சொன்னாள்.

"பாதி அனுப்பினாப் போதும்மா. இனிமே நான் ஒருத்திதானே."

கடைசிப் பாத்திரத்தைக் கவிழ்த்து வைத்தாள். கையைத் துடைத்துக்கொண்டு வாசல்பக்கம் நடந்தவள், போகிற போக்கில், மகள் இன்னும் உள்ளே நிற்பதைக் கவனிக்காமல், பழக்கதோஷத்தில் அடுப்படி விளக்கை அணைத்துவிட்டுப் போனாள்.