கைப்பிடி சுற்றிய நேரம்

கொல்லம் ஆண்டு 1107, மீன மாதம், அன்று காலையும் ஞானதாசன் கஞ்சி குடித்துவிட்டு, சட்டியைக் கவிழ்த்து வைத்துப் பதநீர் இறக்கப் பனையேறப் போனான். மனைவி ஜெபகனியிடம் எதுவும் சொல்லவில்லை. முற்றத்துக் கோழியிடம்தான் சொன்னான்: "அக்கானிப் பானையக் கழுவி வைக்கச் சொல்லு."

கோழி வழியாகக் குடித்தனம் நடக்கத் தொடங்கி இரண்டு வருஷம் ஆகியிருந்தது. அவன் தடுத்தும் கேட்காமல் அவள் மிஷன் பங்களாவுக்கு ரேந்தை என்கிற லேஸ் பின்னப் போனாள். "இனி ஒனக்கும் எனக்கும் பேச்சில்ல," என்றான். அதோடு சரி. அவள் அழுதாள், சண்டைக்கு இழுத்தாள், கருப்பட்டிப் பணியாரம் சுட்டு வைத்தாள். தின்றான், பேசவில்லை. ஒரே ஒரு தடவை "ஏட்டி" என்று கூப்பிட்டால் போதும் என்கிற அளவுக்கு அவள் இறங்கி வந்துவிட்டாள்.

நாலு நாளைக்கு முன்னால்தான், பங்களாவில் தங்கியிருந்த வெள்ளைக்காரர் ஒருவர் சலனப்படம் பிடிக்க ஆள் தேடினார். கதை கிடையாது, வேஷம் கிடையாது. புருஷனும் பெண்டாட்டியும் எதிரெதிரே உட்கார்ந்து, அவர் படப்பெட்டியின் கைப்பிடியைச் சுற்றி நிறுத்தும்வரை பேசாமல் முகம் பார்க்க வேண்டும். புதுமாதிரிப் பரீட்சையாம்.

ரேந்தை சொல்லிக்கொடுக்கும் விக்டோரியா சிரித்துவிட்டாள். "ஏட்டி ஜெபகனி, இதுக்கு ஒங்கள விட்டா ஆளு ஏது? ரெண்டு வருசமா ஒத்திகை பாக்கியளே!"

"பேசாம இருக்கணும், அம்புட்டுதானே?" ஞானதாசன் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வந்து உட்கார்ந்தான்.

கைப்பிடி சுற்றியது. கோழி இல்லை, வேறு பக்கம் திரும்பவும் வழியில்லை. அவளுடைய காதோர நரையைப் பார்த்தான். எலும்பு துருத்திய தோளைப் பார்த்தான்.

"ஏட்டி," என்றான். "மெலிஞ்சு போனியே, மக்கா."

இரண்டு வருஷமாக ஜெபகனி காத்திருந்த சொல் அது. ஆனாலும் பதில் சொல்லவில்லை. வெள்ளைக்காரருக்காக அல்ல. இந்த ஒரு தடவை அவன் காத்துக் கிடக்கட்டும் என்றிருந்தது. சாயங்காலம் சொல்லிக்கொள்ளலாம்.

சாயங்காலம் அவன் பழையபடி கோழிப்பக்கம் திரும்பிவிட்டான். இன்னொரு தடவை கூப்பிடட்டும் என்று அவளும் இருந்தாள். மறுநாளும் இருந்தாள். நாலாம் நாள், கோழியிடம் பானையைச் சொல்லிவிட்டுப் போன அன்று, பனையிலிருந்து விழுந்தான். சேதி கேட்டு அவள் ஓடிப் போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்திருந்தது.

மறுவருஷம் வெள்ளைக்காரர் அந்தப் படச்சுருளில் ஒரு சாண் வெட்டி, விக்டோரியா பேருக்குத் தபாலில் அனுப்பியிருந்தார். ஜெபகனி அதை வெயிலுக்கு நேரே தூக்கிப் பார்த்தாள். நகத்தளவு படங்கள், மொத்தம் பதினொன்று. ஒவ்வொன்றிலும் அவன் வாய் கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்துகொண்டு வருகிறது.

பதினொன்றிலும் அவள் வாய் மூடியிருக்கிறது.