அல்பிரட்டின் சாவுகள்

என் தம்பி பிலேந்திரன் இத்தாலியப் படங்களில் பல விதமாகச் செத்தவன். ஒஸ்லோவுக்கு வருமுன் ரோமில் அகதியாக இருந்த காலம் அது. கொள்ளைக்காரப் படம், பிசாசுப் படம், எதுவானாலும் கொல்வதற்கு ஆள் வேண்டும். ஒன்றில் கழுத்தை அறுத்தார்கள். ஒன்றில் உயிரோடு கொளுத்தினார்கள். ஒன்றில் பிணங்கள் அவன் குடலை உருவித் தின்றன. என் கோபம் அதற்கல்ல. எங்கள் வழக்கப்படி தன் பெயரோடு தகப்பன் பெயரையும், எங்கள் அப்புவின் பெயரையும், எழுதிக் கொடுத்திருக்கிறான். இத்தாலியர்கள் அதைக் குடும்பப் பெயராக்கி, திரையில் ‘அல்பிரட்’ என்று மட்டும் போட்டுவிட்டார்கள்.

அப்பு எங்கள் தீவில் படகுகள் வைத்து மீன்பிடித் தொழில் நடத்திய சம்மாட்டி. படகுகளை எரிக்க வந்த சீருடைக்காரர் அவரைக் கடற்கரையில் முழங்காலில் இருக்கச் சொன்னார்கள். அவர் இருக்கவில்லை. துவக்குப் பிடியால் மண்டையைப் பிளந்தார்கள். நான் கண்ணால் கண்டவன். ரோமுக்கு போன் எடுத்து, கண்டதைக் கண்டபடி தம்பிக்குச் சொன்னேன். வேறு எவருக்கும் சொன்னதில்லை.

போன சனிக்கிழமை இங்கே ஒரு திரைப்படக் கழகம் அவனுடைய பழைய படமொன்றைப் போட்டு, அவனையும் மேடைக்கு அழைத்தது. நாங்கள் இருக்கிற ஹொல்ம்லியாவில் ரயில் ஏறும்போதே சொல்லிவிட்டேன்.

“அப்புவின்ர பேருக்கு அங்கை ஒருத்தன் சிரிச்சாலும், நீ எனக்குத் தம்பி இல்லை.”

“படம் முடியுமட்டும் பாருங்கோ அண்ணை. பிறகு கொல்லுங்கோ. எனக்குப் பழக்கம்தானே.”

திரையில் பெயர் விழுந்ததும் அரங்கில் இருந்த பொடியள் “அல்பிரட்! அல்பிரட்!” என்று கத்திச் சிரித்தார்கள். நான் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். கதாநாயகன் கொள்ளைக் கூட்டத்தை ஒவ்வொருவனாக அறுத்தான். ஒருவனுக்குக் கண்ணில் கொக்கி. ஒருவனுக்கு மணிக்கட்டோடு கை போனது. எல்லோரும் மண்டியிட்டுக் கெஞ்சிக் கெஞ்சிச் செத்தார்கள். ஒவ்வொரு சாவுக்கும் கைதட்டல்.

கடைசியில் தம்பி. கதாநாயகன் துவக்கால் நிலத்தைக் காட்டினான். தம்பி மண்டியிடவில்லை. துவக்குப் பிடி அவன் நெற்றியில் இறங்கியது. விழுந்து, எழுந்தான். மறுபடி அடி. ஒரு கண் இரத்தத்தில் மூடிப்போக, மறுபடி எழுந்தான். அரங்கில் சிரிப்பு நின்றது. மூன்றாவது அடிக்கு இடது தோள் முதலில் மண்ணில் பட விழுந்தான்.

அப்பு விழுந்ததும் அப்படித்தான்.

விளக்கு எரிந்தது. கழகத்துப் பெண் எம்மா மேடையில் அவனிடம் கேட்டாள்: “மற்றப் படங்களில் எவ்வளவு அழகாகக் கெஞ்சுகிறீர்கள்! இதில் ஏன் இல்லை?”

“இயக்குநர் கெஞ்சத்தான் சொன்னார். மாட்டேன் என்றேன். அதன் பிறகு என்னை ஒருவரும் கூப்பிடவில்லை.”

“ஏன் மாட்டேன் என்றீர்கள்?”

அவன் என்னைப் பார்த்தான். மூத்தவன் இருக்கிற இடத்தில் வீட்டுச் சாவை இளையவன் வாயெடுத்துச் சொல்வதில்லை.

நான் எழுந்து நின்றேன். “அல்பிரட் எங்கள் தகப்பன்,” என்றேன் நோர்வேஜிய மொழியில். “அவரைக் கொன்றது இப்படித்தான். அவர் கெஞ்சவில்லை.”

பின்வரிசையில் யாரோ ஒருவன் கைதட்டத் தொடங்கினான்.

“நிறுத்து,” என்றேன்.

நிறுத்தினான்.